10 வினா, 4 வட்டம், கண்ணை மூடிக்கொண்டு அடித்தால் பாஸா?

கேள்வி இதுதான். 10 கொள்குறி வினாக்கள், ஒவ்வொன்றுக்கும் 4 விடைகள், 4 சரியாக இருந்தால் பாஸ். எதுவுமே படிக்காமல் போய்க் குத்துமதிப்பாக அடித்தால் பாஸாக எவ்வளவு வாய்ப்பு? கேட்டவர் 1/4 ஐ நான்கு முறை பெருக்கி 1/256 என்கிறார். அவர் தம்பி, பத்தில் கால் பங்கு இரண்டரைதான், நாலு வரவே வராது, அதனால் பாஸே கிடையாது என்கிறார். கூடவே ஒரு துணைக்கேள்வி: சரி/தவறு வகை வினாவாக இருந்தால் என்ன ஆகும்?

முதலில் விடையைச் சொல்லிவிடுகிறேன். பாஸாகும் வாய்ப்பு 22.4 சதவீதம், அதாவது ஐந்தில் ஒன்றுக்கும் கொஞ்சம் மேலே. ஆக அண்ணன் தம்பி இரண்டு பேருமே தப்பு, ஆனால் தப்பின் வகை வேறு வேறு, அதனால் தனித்தனியாகப் பார்க்கலாம்.

அண்ணன் போட்ட 1/256 ஒரு நல்ல எண்தான், ஆனால் அது வேறொரு கேள்விக்கான விடை. முதல் நான்கு வினாக்களும் சரியாக அமைய என்ன வாய்ப்பு என்று கேட்டால் 1/256. இங்கே யாரும் முதல் நான்கைக் கேட்கவில்லை. 2, 5, 6, 9 சரியாக வந்தாலும் பாஸ்தான், 1, 3, 8, 10 வந்தாலும் பாஸ்தான். மீதி ஆறு வினாக்கள் என்ன ஆயின என்பதும் அவர் கணக்கில் இல்லை.

தம்பி சொல்லும் இரண்டரை சராசரி. அது சரியான சராசரிதான், ஆனால் சராசரி இரண்டரை என்பதால் எல்லோரும் இரண்டரையில் நிற்பதில்லை (இரண்டரை வினா சரி என்று ஒருவருக்கும் வரவும் வராது). சிலருக்கு 0, சிலருக்கு 5. எத்தனை பேர் எங்கே போய் விழுவார்கள் என்பதுதான் கேள்வி, அதற்குத்தான் ஈருறுப்புப் பரவல். பிளஸ் டூ கணக்கில் இதைப் படித்துவிட்டு மறந்தவர்கள்தான் அதிகம், அதனால் சூத்திரத்தை எழுதி மிரட்டாமல் கையால் கட்டிக் காட்டுகிறேன்.

சரியாக 4 மட்டும் வர என்ன வாய்ப்பு? ஒரு குறிப்பிட்ட வரிசையை எடுத்துக்கொள்ளுங்கள்: முதல் நான்கு சரி, அடுத்த ஆறும் தவறு. ஒவ்வொரு சரிக்கும் 1/4, ஒவ்வொரு தவறுக்கும் 3/4. பெருக்கினால் (1/4)⁴ × (3/4)⁶. மேலே 729, கீழே 4 ஐப் பத்து முறை பெருக்கிய 10,48,576. அதாவது சுமார் 0.0007, ரொம்பச் சின்ன எண். ஆனால் இதே வாய்ப்பு உள்ள வரிசைகள் நிறைய இருக்கின்றன. எந்த நான்கு வினாக்கள் சரியானவை என்பதைத்தான் மாற்றி மாற்றி எழுதலாமே. எத்தனை விதம்? முதலாவதற்கு 10 இடம், அடுத்ததற்கு 9, அப்புறம் 8, அப்புறம் 7, பெருக்கினால் 5,040. ஆனால் 2, 5, 6, 9 என்று தேர்ந்தெடுப்பதும் 9, 6, 2, 5 என்று தேர்ந்தெடுப்பதும் ஒரே விடைத்தாள்தான். ஒரே நான்கை 24 விதமாக வரிசைப்படுத்தலாம், ஆகவே 24ஆல் வகுக்க வேண்டும். 210. பாடப்புத்தகம் இதைச் சேர்வு என்று சொல்லும். பாஸ்கல் முக்கோணம் போடத் தெரிந்தவர்கள் பத்தாம் வரிசை வரை (உச்சியில் தனியாக நிற்கும் 1ஐப் பூஜ்யமாவது வரிசை என்று எண்ணி) இறங்கினால் அங்கேயும் இந்த 210 உட்கார்ந்திருக்கும்.

210 × 729 = 1,53,090. இதை 10,48,576ஆல் வகுத்தால் 0.146. சரியாக நான்கு வர 14.6 சதவீதம்.

சூத்திரம் என்று வேண்டுமானால் இப்படி எழுதிக்கொள்ளுங்கள்: சரியானவற்றைத் தேர்ந்தெடுக்கும் விதங்கள் × (சரியாகும் வாய்ப்பு)^சரியானவை × (தவறாகும் வாய்ப்பு)^தவறானவை. அவ்வளவுதான், இதற்குமேல் இதில் ஒளிந்திருக்கும் ரகசியம் எதுவும் இல்லை. சுவிட்சர்லாந்துக் கணித அறிஞர் யாக்கோப் பெர்னூலி இறந்து எட்டு வருடம் கழித்து 1713இல் அச்சான அவருடைய நூலில் இருக்கிற விஷயம், அன்றிலிருந்து இன்றுவரை மாறாமல் அப்படியே இருக்கிறது.

இந்த இடத்தில்தான் பாதிப் பேர் நிறுத்திவிட்டு 14.6 என்று விடை எழுதிவிடுவார்கள். நான் கணக்கு நடத்திய வருடங்களில் அதிகம் திருத்திய பிழை எது என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன், சேர்வு தெரியாமல் தப்பு விட்டவர்கள் குறைவு, "சரியாக நான்கு" என்பதையும் "குறைந்தது நான்கு" என்பதையும் குழப்பியவர்கள்தான் அதிகம். ஐந்து வாங்கினாலும் பாஸ், பத்து வாங்கினாலும் பாஸ். ஆகவே 4, 5, 6, 7, 8, 9, 10 ஏழையும் தனித்தனியாகப் போட்டுக் கூட்ட வேண்டும். அல்லது 0, 1, 2, 3 நான்கை மட்டும் போட்டு 1லிருந்து கழிக்க வேண்டும். நான்கு கணக்கு ஏழு கணக்கைவிடக் குறைவு, அதனால் இரண்டாவது வழி.

ஒவ்வொன்றுக்கும் சேர்வு, அடுக்கு என்று முதலிலிருந்து போடத் தேவையில்லை, ஒன்றிலிருந்து அடுத்ததற்குத் தாவலாம். முதலில் ஒன்றுகூடச் சரியில்லை என்பதைப் போடுங்கள்: (3/4)¹⁰ = 0.0563. இதை 10/1 ஆல் பெருக்கி 3 ஆல் வகுத்தால் ஒன்று சரியாக வரும் வாய்ப்பு, 0.1877. அதை 9/2 ஆல் பெருக்கி 3 ஆல் வகுத்தால் இரண்டு, 0.2816. அப்புறம் 8/3, மறுபடி 3 ஆல் வகுத்தல்: மூன்று, 0.2503. அப்புறம் 7/4: நான்கு, 0.1460, மேலே போட்டதும் இதுவும் ஒன்றாக வருகிறதா என்று சரிபார்த்துக்கொள்ளலாம். அந்த 3 எங்கிருந்து வருகிறது என்றால், ஒரு தவறைச் சரியாக மாற்றும்போது 3/4 போய் 1/4 வருகிறது, அது மூன்றில் ஒன்று. மேலே 10, 9, 8 என்று இறங்கும், கீழே 1, 2, 3 என்று ஏறும். போனில் இருக்கும் சாதா கால்குலேட்டர் போதும், காரணீயமெல்லாம் வேண்டாம்.

0 முதல் 3 வரை கூட்டினால் 0.7759. ஆகவே குறைந்தது நான்கு என்பது 0.2241.

மேலே போகப் போக எப்படிக் கரைகிறது என்றும் பாருங்கள். 5 வர 5.8 சதவீதம், 6 வர 1.6, 7 வர 0.3, எட்டும் அதற்கு மேலும் எல்லாம் சேர்த்தே 0.04தான். பத்துக்குப் பத்து என்பது 10,48,576இல் ஒன்று, அதைப் பற்றிப் பேசவே வேண்டாம். இன்னொரு பக்கம், குறைந்தது ஒன்று சரியாக வர 94.4 சதவீதம், அதனால் பத்துக்குப் பூஜ்யம் வாங்குவதும் அவ்வளவு சுலபமில்லை, 18 பேர் கண்ணை மூடிக்கொண்டு அடித்தால் அவர்களில் ஒருவருக்குத்தான் அந்தப் பெருமை.

22 சதவீதம் என்றால் நடைமுறையில் என்ன என்று யோசித்துப் பாருங்கள். 40 பேர் உள்ள வகுப்பு, ஒருவர்கூடப் படிக்கவில்லை, எல்லோரும் இங்கி பிங்கி பாங்கி போட்டு அடிக்கிறார்கள். சராசரியாக 9 பேர் பாஸ். ஆசிரியர் அந்த 9 பேரைப் பாராட்டுவார், மீதிப் பேரைத் திட்டுவார், பாராட்டு வாங்கியவர்களுக்கும் திட்டு வாங்கியவர்களுக்கும் ஒரு வித்தியாசமும் இல்லை. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான், ஆனால் 40 காக்கை உட்கார்ந்தால் 9 பழம் விழும் என்று கணக்குச் சொல்லிவிடுகிறது. பத்து வினா டெஸ்ட் வைத்துவிட்டு அந்த மார்க்கை நம்பி மாணவர்களைப் பிரிப்பவர்கள் இதை ஒருமுறை போட்டுப் பார்க்க வேண்டும்.

நம்பிக்கை வரவில்லை என்றால் வீட்டில் செய்து பாருங்கள். இரண்டு நாணயம் எடுத்துச் சுண்டுங்கள், ஒன்று ஒரு ரூபாய், இன்னொன்று இரண்டு ரூபாய் என்று வைத்துக்கொண்டால் எது எது என்று குழப்பம் வராது. பூ-பூ என்றால் ஏ, பூ-தலை என்றால் பி, தலை-பூ என்றால் சி, தலை-தலை என்றால் டி. ஏதாவது பழைய வினாத்தாளின் ஆன்சர் கீயை எடுத்துப் பத்துப் பத்தாகத் திருத்துங்கள். ஒரு இருபது முப்பது தடவை செய்தால் நான்கும் ஐந்தும் எவ்வளவு சாதாரணமாக வருகிறது என்று உங்களுக்கே தெரியும்.

ஆனால் இதே 40 சதவீத பாஸ் மார்க்கை வைத்துக்கொண்டு வினாக்களின் எண்ணிக்கையை மட்டும் ஏற்றினால் கதை மாறிவிடுகிறது. 20 வினாவில் குறைந்தது 8 வாங்க 10.2 சதவீதம். 50 வினாவில் 20 வாங்க 1.4 சதவீதம். 100 வினாவில் 40 வாங்க 0.07 சதவீதம், அதாவது சுமார் 1,450 பேரில் ஒருவர். ஒரு வினாவில் சரியாகும் வாய்ப்பு எங்கும் மாறவில்லை, அதே 1/4. ஏன் இப்படி? சராசரி வினாக்களின் எண்ணிக்கையோடு சேர்ந்து ஏறுகிறது, ஆனால் சிதறல் அதன் வர்க்கமூலத்தோடுதான் ஏறுகிறது. 10 வினாவில் சராசரி 2.5, திட்ட விலக்கம் (சராசரியைச் சுற்றி எவ்வளவு சிதறுகிறது என்ற அளவு) 1.37, பாஸுக்குத் தேவை 4, கொஞ்சம் எட்டினால் தொட்டுவிடலாம். 100 வினாவில் சராசரி 25, திட்ட விலக்கம் 4.33, தேவை 40. பாஸ் கோடு பத்து மடங்கு தள்ளிப் போய்விட்டது, கை நீளம் மூன்று மடங்கு சொச்சம்தான் வளர்ந்திருக்கிறது. திட்ட விலக்கம் போட, வினாக்கள் × 1/4 × 3/4 என்று பெருக்கி வர்க்கமூலம் எடுத்தால் போதும்.

100இல் 40 என்ற எண்ணைச் சும்மா எடுக்கவில்லை. டிஎன்பிஎஸ்சி குரூப் 4 தேர்வில் தமிழ்ப் பகுதிக்கு இருப்பது இதே எல்லைதான். மொத்தம் 200 வினா, 300 மார்க், வினாவுக்கு ஒன்றரை. அதில் தமிழ் 100 வினா, 150 மார்க், அதில் 40 சதவீதமான 60 மார்க், அதாவது 40 வினா சரியாக இருந்தால்தான் மீதியைத் திருத்துவார்கள். மொத்தத்துக்குக் குறைந்தபட்சம் 90 மார்க், அதாவது 60 வினா. மைனஸ் மார்க் கிடையாது. இப்போது மொத்தத்தை மட்டும் பாருங்கள்: கண்ணை மூடிக்கொண்டு 200ஐயும் அடித்தால் சராசரி 50 வினா, 75 மார்க். 60 வினாவைத் தொட 6 சதவீதத்துக்குச் சற்று மேல் வாய்ப்பு இருக்கிறது, அதாவது அந்தக் கோடு மட்டும் இருந்திருந்தால் சும்மா வந்து உட்கார்ந்தவர்களில் நூற்றுக்கு ஆறு பேர் தாண்டியிருப்பார்கள். தமிழ்ப் பகுதியின் 40தான் உண்மையான காவல்காரன், ஒரு லட்சம் பேர் குருட்டாம்போக்கில் அடித்தால் அதைத் தாண்டுவது 70 பேர்கூட இல்லை. இது எல்லாமே குறைந்தபட்சத் தகுதி பற்றிய கணக்கு, வேலை கிடைக்கிற கட் ஆஃப் அதற்கு வெகு மேலே இருக்கும், அதனால் யாரும் இதைப் படித்துவிட்டு ஆசை வளர்த்துக்கொள்ள வேண்டாம்.

அந்த ஓஎம்ஆர் தாளில் ஐந்தாவதாக ஒரு ஈ வட்டம் இருக்கிறதே, அப்படியானால் 1/5 என்று எடுக்க வேண்டாமா என்று சிலர் கேட்பார்கள். வேண்டாம். அது "விடை தெரியவில்லை" என்பதற்கான வட்டம், ஒரு வினாவுக்கும் சரியான விடையாக வராது. குத்துமதிப்பாக அடிப்பவர் நான்கில்தான் அடிப்பார். வட்டங்களை எண்ணாதீர்கள், விடையாக வரக்கூடியவற்றை எண்ணுங்கள்.

இதுவரை பேசியது ஒன்றுமே தெரியாதவரைப் பற்றி. நிஜத்தில் அப்படி ஒருவர் தேர்வுக்கு வருவது அபூர்வம். வருகிறவருக்குப் பாதி தெரியும், பாதி தெரியாது, தெரியாததைத்தான் அடிக்கிறார். என் பார்வையில் இந்தக் கணக்கின் உண்மையான உபயோகம் இங்கேதான் இருக்கிறது, முழுக் குருடனின் கணக்கைவிட அரைக் கண் தெரிந்தவனின் கணக்கு ரொம்பச் சுவாரசியமானது.

ஆசிரியர் தகுதித் தேர்வை எடுத்துக்கொள்வோம். 150 வினா, 150 மார்க், மைனஸ் கிடையாது, பொதுப் பிரிவுக்கு 60 சதவீதம், அதாவது 90 வேண்டும். முழுக்கக் குத்துமதிப்பில் 90 என்பது நடக்காத காரியம், சராசரி 37.5, திட்ட விலக்கம் 5.3, 90 என்பது அதிலிருந்து பத்துத் திட்ட விலக்கம் தள்ளி எங்கோ இருக்கிறது. ஆனால் ஒருவருக்கு 60 வினா உறுதியாகத் தெரியும் என்று வையுங்கள். மீதி 90ஐ அடிக்கிறார், அதில் 30 சரியாக வர வேண்டும், சராசரியோ 22.5. வாய்ப்பு சுமார் 5 சதவீதம். இப்போது இன்னொருவருக்கு 70 தெரியும். மீதி 80, தேவை 20, சராசரியும் 20. வாய்ப்பு சுமார் 54 சதவீதம். 80 தெரிந்தவருக்கு? மீதி 70இல் 10 போதும், சராசரி 17.5. கிட்டத்தட்ட 99 சதவீதம்.

5, 54, 99. இடையில் பத்துப் பத்து வினாதான் வித்தியாசம். இந்தப் படி இவ்வளவு செங்குத்தாக இருக்கும் என்று கணக்குப் போடும்வரை யாருக்கும் தோன்றாது, எனக்கும் தோன்றியதில்லை. கடைசி மாதத்தில் ஒரு பாடத்தைச் சேர்த்துப் படிப்பதா வேண்டாமா என்று யோசிப்பவர்கள், தான் 60இல் நிற்கிறேனா 80இல் நிற்கிறேனா என்று முதலில் மாதிரித் தேர்வு எழுதிப் பார்த்துக்கொள்வது நல்லது. 60இல் நிற்பவருக்கு அந்தப் பாடம் தலையெழுத்தை மாற்றும், 80இல் நிற்பவருக்கு அவ்வளவு அவசரமில்லை.

இன்னொரு வழியும் இருக்கிறது. 60தான் உறுதியாகத் தெரியும், ஆனால் மீதி 90இல் ஒவ்வொன்றிலும் "இது நிச்சயம் இல்லை" என்று ஒரு விடையை அடித்துவிட முடிகிறது என்று வையுங்கள். அப்போது 1/4 இடத்தில் 1/3. சராசரி 30 ஆகிவிடுகிறது, தேவையும் 30. வாய்ப்பு மறுபடியும் சுமார் 54 சதவீதம். அதாவது ஒவ்வொரு வினாவிலும் ஒரே ஒரு தவறான விடையை இனம் காணத் தெரிவது, பத்து வினாவைக் கூடுதலாக முழுசாகத் தெரிந்துகொள்வதற்குச் சமம். அரைகுறை அறிவுக்கும் விலை உண்டு.

ஒரு ஜாக்கிரதை மட்டும். வினா எடுப்பவர் சும்மா இருப்பதில்லை, அரைகுறையாகத் தெரிந்தவரை இழுக்கிற மாதிரி ஒரு தவறான விடையை வேண்டுமென்றே வைப்பார். ஆண்டை மட்டும் மாற்றி, பெயரை மட்டும் மாற்றி. அப்படிப்பட்ட வினாக்களில் "எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கே" என்று தொடுபவருக்கு 1/4ஐவிடவும் குறைவான வாய்ப்புதான், நாணயம் சுண்டுகிறவர் அவரைவிடத் தேவலை.

மைனஸ் மார்க் இருந்தால்? அதற்கு ஒரு எதிர்பார்ப்புக் கணக்கு சேர்க்க வேண்டும். யுபிஎஸ்சி முதல்நிலைத் தேர்வின் முதல் தாளில் 100 வினா, சரிக்கு 2, தவறுக்கு மூன்றில் ஒரு பங்கு, அதாவது 0.67 கழிவு. கண்ணை மூடி அடித்தால் நான்கில் ஒரு தடவை 2 வருகிறது, மூன்று தடவை 0.67 போகிறது, கூட்டிக் கழித்தால் பூஜ்யம். தற்செயலாக அப்படி அமையவில்லை, மூன்றில் ஒரு பங்கு என்று வைத்தாலே அப்படித்தான் வரும். விடைகளின் எண்ணிக்கையில் ஒன்றைக் கழித்து அதில் ஒரு பங்கை வெட்டினால் குருட்டு அடிக்கு லாபமும் இல்லை, நஷ்டமும் இல்லை. அமெரிக்காவின் சாட் தேர்வில் 5 விடைகள் இருந்தபோது 1/4 கழித்தார்கள், அதே கணக்குதான், 2016இல் அந்தக் கழிவை எடுத்துவிட்டார்கள்.

ஆனால் சராசரி பூஜ்யம் என்பதால் எல்லோருக்கும் பூஜ்யம் இல்லை, தம்பியின் பழைய தப்பை இங்கேயும் செய்யக் கூடாது. 20 வினாவை அப்படி அடித்தால் 5 சரியானால் வரவு செலவு நேர். 4 அல்லது அதற்குக் கீழே விழ 41 சதவீதம், சரியாக 5 வர 20, அதற்கு மேலே போக 38. நஷ்டப்படுகிறவர்கள் கொஞ்சம் அதிகம், ஜெயிக்கிறவர்கள் சில சமயம் கொஞ்சம் பெரிதாக ஜெயிக்கிறார்கள், சராசரியில் சமன். ஒரு விடையை நீக்கத் தெரிந்துவிட்டால் ஒரு வினாவுக்குச் சராசரியாக 0.22 மார்க் லாபம், இரண்டை நீக்கினால் 0.67. ஆகவே ஒன்றையாவது நீக்க முடிந்தால் அடிக்கலாம் என்று பயிற்சி மையங்களில் சொல்வது கணக்குப்படி சரிதான்.

நீட்டில் நிலைமை வேறு. சரிக்கு 4, தவறுக்கு 1 கழிவு, அதாவது நான்கில் ஒரு பங்குதான். 4 விடைக்கு மூன்றில் ஒரு பங்கு வெட்டினால்தான் சமன், இங்கே அதைவிடக் குறைவாக வெட்டுகிறார்கள், அதனால் கண்ணை மூடி அடித்தாலும் வினாவுக்குச் சராசரியாகக் கால் மார்க் சேர்கிறது. 20 வினா அடித்தால் சராசரியாக 5 மார்க் லாபம். லாபத்தில் முடிய 58.5 சதவீதம், நேராக முடிய 19, நஷ்டத்தில் முடிய 22.5. பத்து மார்க்கையோ அதற்கு மேலோ இழக்க 9 சதவீதம். அந்த 9 சதவீதத்தைத் தாங்க முடியுமா என்பது நீங்கள் எந்த இடத்தில் நிற்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. 720க்கு 650 எடுக்கக்கூடியவருக்குப் பத்து மார்க் என்பது ரேங்கைத் தூக்கி எங்கோ போட்டுவிடும், அவர் சும்மா இருப்பது நல்லது என்றுகூட நான் சொல்வேன். எப்படியும் கட் ஆஃபுக்குக் கீழேதான் இருக்கிறோம் என்று தெரிந்தவர் அடிப்பதில் இழக்க ஒன்றுமில்லை.

இந்த மூன்றில் ஒரு பங்கு கழிவைத் திருப்பிப் போட்டால் இன்னொன்றும் கிடைக்கும். மைனஸ் இல்லாத தேர்வில், 4 விடை, 100 வினா, ஒன்றையும் விடாமல் அடித்து ஒருவர் 45 வாங்கினார் என்றால் அவருக்கு உண்மையில் எத்தனை தெரியும்? 55 தவறு, அதில் மூன்றில் ஒரு பங்கு 18.3, அதை 45இல் கழித்தால் சுமார் 27. மீதி 18 குருட்டு அடியின் தயவு. இது சராசரிக் கணக்கு, ஒரு தனி ஆளுக்கு இரண்டு பக்கமும் நாலைந்து முன்பின் ஆகும், ஆனாலும் மாதிரித் தேர்வு மார்க்கைப் பார்த்து மகிழ்வதற்கு முன் இதை ஒருமுறை போட்டுப் பார்க்கலாம்.

இவ்வளவும் நிற்பது ஒரு அனுமானத்தின் மேல்: ஒவ்வொரு வினாவும் மற்றதைப் பாதிக்காமல் தனித்தனியாக 1/4. இது எப்போது உண்மை? நாணயமோ தாயக்கட்டையோ போட்டு அடித்தால் எப்போதும் உண்மை, ஆன்சர் கீ எப்படி இருந்தாலும் சரி. எல்லாவற்றுக்கும் சி என்றே வைத்திருந்தாலும் உங்கள் நாணயத்துக்கு அது தெரியாது. ஆனால் எல்லோரும் சொல்கிற அந்த உத்தி, எல்லாவற்றுக்கும் பி அடித்துவிடுவது, அதில் இந்தப் பரவல் வேலை செய்யாது. 100 வினாவில் கீயில் நான்கு எழுத்தும் சரியாக 25, 25 ஆகப் பிரித்து வைத்திருந்தால் முழுக்க பி அடித்தவருக்குச் சரியாக 25 வரும், கூடவும் வராது, குறையவும் வராது, சிதறலே பூஜ்யம். 40 வேண்டியவருக்கு அது நிச்சயத் தோல்வி, நாணயம் சுண்டியவருக்காவது 1,450இல் ஒரு வாய்ப்பு இருந்தது. அதேபோல ஒரு பத்தியைக் கொடுத்து அதிலிருந்து ஐந்து வினா கேட்டால், பத்தியைத் தப்பாகப் புரிந்துகொண்டவருக்கு ஐந்தும் சேர்ந்து போகும், புரிந்தவருக்கு ஐந்தும் சேர்ந்து வரும். அங்கே சிதறல் நாம் போட்டதைவிட அதிகம்.

இன்னொரு குழப்பத்தையும் சொல்லிவிடுகிறேன். குருட்டு அடியில் பாஸாக 22 சதவீதம் என்பதற்கு, பாஸானவர்களில் 22 சதவீதம் பேர் குருட்டு அடி அடித்தவர்கள் என்று அர்த்தம் இல்லை. 40 பேரில் 30 பேர் நன்றாகப் படித்து எல்லோரும் பாஸ், 10 பேர் குருட்டு அடி என்றால், அந்தப் பத்தில் சராசரியாக இரண்டு சொச்சம் பேர் பாஸ். பாஸான 32 சொச்சம் பேரில் அந்த 2 சொச்சம் பேர், அது சுமார் 7 சதவீதம். எத்தனை பேர் அடித்தார்கள் என்று தெரியாமல் பின்னோக்கிச் சொல்ல முடியாது, இதை வைத்து யாரையும் "நீ குத்துமதிப்பாத்தானே அடிச்ச" என்று குற்றம்சாட்டவும் முடியாது.

கடைசியாகத் துணைக்கேள்வி. சரி/தவறு வகை என்றால் 1/4, 3/4 இரண்டின் இடத்திலும் 1/2. எல்லா வரிசைக்கும் ஒரே வாய்ப்பு, 1/1024, அதனால் விதங்களை மட்டும் எண்ணினால் போதும். 0 முதல் 3 வரை: 1 + 10 + 45 + 120 = 176. மீதி 848. 848/1024 என்றால் 83 சதவீதம் பாஸ். பாஸ் மார்க்கை 5 ஆக்கினாலும் 62 சதவீதம். 5 விடை உள்ள தேர்வில் 1/5, 4/5 என்று போட வேண்டும், தாவும்போது 3ஆல் வகுத்த இடத்தில் 4ஆல் வகுக்க வேண்டும், அப்போது பத்துக்குக் குறைந்தது நான்கு வாங்க 12 சதவீதம். தம்பியிடம் ஒரு தாளைக் கொடுத்து இந்த 12ஐ அவரையே போடச் சொல்லுங்கள், (4/5)¹⁰ = 0.1074 என்பதில் ஆரம்பித்தால் மூன்று தாவலில் வந்துவிடும்.